கடைசி ஏற்றத்தில் முன்வண்டி

ஜூன் 3, செவ்வாய்

காலையில் எழுந்ததும் முதல் வேலையாக, வாசலில் கிடந்த பால் பாக்கெட்டைக்கூட எடுக்காமல், கம்ப்யூட்டரைத் திறந்து என் பஸ் இருக்கிறதா என்று பார்த்தேன். இருந்தது. பச்சை உடம்பு, மஞ்சள் பட்டை, நேற்று நிறுத்திய இடத்திலேயே நின்றது. பிறகுதான் பல் துலக்கினேன்.

நேற்றிரவு படுக்கப்போகும்போது கிப்சன் எங்கள் பஸ் விளையாட்டுக் குழுவில் போட்ட செய்திதான் காரணம். ‘ஹில் ரூட் டிரைவர்’ விளையாட்டை இந்த மாதம் இருபத்திரண்டாம் தேதியோடு இணையக் கடையிலிருந்து எடுத்துவிடுகிறார்களாம். பஸ் தயாரிக்கும் கம்பெனியின் பெயரையும் வண்டிகளின் தோற்றத்தையும் பயன்படுத்த வாங்கியிருந்த அனுமதி முடிகிறது, புதுப்பிக்கப்போவதில்லை என்று அறிவிப்பு. ஏற்கெனவே வாங்கியவர்கள் தனியாக ஓட்டிக்கொள்ளலாம். இனி யாரும் புதிதாக வாங்க முடியாது. எல்லோரும் ஒரே சாலையில் சேர்ந்து ஓட்டுகிற வசதி அன்றோடு நின்றுவிடும்.

வருத்தப்பட வேண்டிய செய்திதான். எனக்கோ காலையிலிருந்து கால் தரையில் பாவவில்லை. இன்னும் இருபது நாள் இருக்கிறது, அதற்குள் எவ்வளவோ ஓட்டலாம் என்று மனம் கணக்குப் போடுகிறது. நான் வேலை பார்க்கும் லேபில் ரத்தம் கொடுக்க உட்கார்ந்த பெரியவர், “என்னம்மா, இன்னைக்கு ஒரே சந்தோசமா இருக்கறீங்க, குத்துனதே தெரீல” என்றார்.

மூன்று வருஷமாக இந்த டைரியில் கேஸ் சிலிண்டர் வந்த நாளையும் மாத்திரை வாங்கிய நாளையும்தான் எழுதியிருக்கிறேன். பஸ்ஸைப் பற்றி ஒரு வரி இல்லை. இன்று எழுதிவிடுகிறேன். மகன் பரிதி புனேவுக்கு வேலைக்குப் போனபோது கம்ப்யூட்டரையும், விளையாடுவதற்காக வாங்கிய ஸ்டீயரிங்கையும், அதோடு வரும் மூன்று மிதிகளையும் விட்டுவிட்டுப் போனான். தூசி தட்டப் போன நான், எப்படித்தான் இருக்கிறது என்று உட்கார்ந்து பார்த்தேன். அவ்வளவுதான். இப்போது அந்த ஸ்டீயரிங் என் தையல் மிஷின் பலகையில் இறுக்கி மாட்டியிருக்கிறது.

விளையாட்டுக் கணக்கு அவனுடையது, பெயரும் அவனுடையது. அதனால் குழுவில் எல்லோருக்கும் நான் ‘பரிதிண்ணன்’. மைக் கெட்டுவிட்டது என்று சொல்லி, எழுதி மட்டுமே பேசுவேன். முதலில் திருத்த வெட்கமாக இருந்தது. பிறகு திருத்துகிற காலம் தாண்டிவிட்டது.

ஜூன் 5, வியாழன்

கடைசி நாள் மாலை எல்லோரும் வரிசையாக மலையேறுவது என்று முடிவாகிவிட்டது. குழுவில் ஒரே அமளி. நாகர்கோவில் கிப்சன் தன் மச்சினர்கள் மூன்று பேருக்கும் விளையாட்டை வாங்கிக் கொடுத்து இழுத்து வருகிறான். குவைத்தில் ஸ்கூல் பஸ் ஓட்டும் காயல்பட்டினத்து சாகுல் லீவு கேட்டு எழுதிக் கொடுத்துவிட்டானாம்.

எங்கள் குழுவில் ஒரு வழக்கம். வரிசையாக ஏறும்போது முன்வண்டி ஓட்டுகிறவர் ‘வளைவு சொல்ல’ வேண்டும். “ஏழாம் வளைவு, எதிரே லாரி, நிக்குறேன்... இடம் இருக்கு, வாங்க” என்று வாயால் சொல்லிக்கொண்டே ஏற வேண்டும். பின்னால் வருகிறவர்களுக்கு முன்னால் போகும் பஸ்ஸின் முதுகுதான் தெரியும். முன்வண்டியின் சொல்லை நம்பித்தான் ஸ்டீயரிங்கைத் திருப்புவார்கள். அந்த மலைத்தடத்தில் இருபத்துநான்கு கொண்டை ஊசி வளைவுகள். ஒரு வளைவைத் தப்பாகச் சொன்னால் பின்னால் நான்கு வண்டி பள்ளத்தில் கிடக்கும்.

“பரிதிண்ணந்தான் முன்வண்டி. மூணு வருசமா ஒரு கைப்பிடிச் சுவர உரசுன ஆளு இல்ல” என்று கிப்சன் எழுதினான். வரிசையாகக் கட்டை விரல்கள் வந்து விழுந்தன.

“மைக்க மட்டும் சரி பண்ணிருங்க காக்கா” என்றான் சாகுல். அவன் ஊரில் அண்ணனைக் காக்கா என்பார்கள்.

வேண்டாம் என்று எழுதத்தான் போனேன். ‘சரி’ என்று போய்விட்டது.

ஜூன் 8, ஞாயிறு

சிறுமுகையில் நாத்தனார் வீட்டுப் புதுமனை புகுவிழா. காரில் போனோம். பவானி ஆற்றுப் பாலத்தில் எதிரே வந்த டவுன் பஸ்ஸின் டிரைவர் இடது பக்கம் எவ்வளவு விட்டு ஒதுக்கினார் என்பதையே பார்த்துக்கொண்டு போனேன். “என்ன, வாயே தொறக்க மாட்டேங்கற?” என்றார் இவர். பஸ் பார்க்கிறேன் என்று சொல்ல முடியுமா?

பந்தியில் யாரோ, பூரணியும் கார் ஓட்டப் பழகினால் உங்களுக்கு மண்டியிலிருந்து வந்துபோக ஒத்தாசையாக இருக்குமே என்று கேட்டார்கள். இவர் இலையிலிருந்து நிமிர்ந்தார். எனக்குத் தெரியும், என்ன வரப்போகிறதென்று.

“எங்கூட்டம்மா ஓட்டுனா நாம வழி உட வேண்டீதில்லீங்க. செவுருதான் வழி உடோணும்!”

பந்தியே சிரித்தது. நானும் சிரித்தேன். பரிதி நான்காவது படிக்கும்போது இவர் எனக்குக் கார் சொல்லிக்கொடுத்தார். இவர் வியாபாரம் செய்யும் மண்டியின் கேட் சுவரில் முட்டி நின்றது வண்டி. அதோடு அந்தப் பேச்சு முடிந்தது, இந்தப் பேச்சு தொடங்கியது.

பாயசம் நன்றாக இருந்தது. இரண்டு முறை வாங்கினேன்.

ஜூன் 10, செவ்வாய்

பரிதியை அழைத்து எல்லாவற்றையும் சொல்லிவிட்டேன். நான் விளையாடுவது அவனுக்குத் தெரியும். இவ்வளவு தூரம் போயிருப்பது தெரியாது.

“முன்வண்டியா? நீயா? அம்மா, கெத்தும்மா!”

“அதெல்லாம் இருக்கட்டும் சாமி. பேசோணுமே, அதுக்கு என்ன பண்றது?”

“ஐயோ, நீ பேசிராத. அந்தக் குரூப்புல என்கூடப் படிச்சவனுங்க ரெண்டு பேரு இருக்கானுங்க. என் பேர்ல எங்கம்மா ஓட்டுதுன்னு தெரிஞ்சா, சாகற வரைக்கும் சொல்லிக் காட்டுவானுங்க.”

குரலை மாற்றும் செயலி ஒன்று போட்டுப் பார்த்தோம். எலிப்பொறியில் மாட்டிய எலி வளைவு சொல்வது போலிருந்தது. நானும் அவனும் சிரித்துச் சிரித்து எனக்கு விக்கல் வந்துவிட்டது. கடைசியில் அவனே ஒரு வழி சொன்னான். நான் ஓட்ட வேண்டும். என் திரையை அவன் புனேயிலிருந்து பார்த்துக்கொண்டு, தன் குரலில் வளைவு சொல்வான். பெயரும் அவன் பெயர், குரலும் அவன் குரல். யாருக்கும் சந்தேகம் வராது.

நல்ல யோசனை. எனக்கு நிம்மதிதான்.

இரவு சாப்பாட்டில் இவர் ரசத்தை வாயில் வைத்துவிட்டு என்னைப் பார்த்தார். இரண்டு தடவை உப்புப் போட்டிருக்கிறேன்.

ஜூன் 15, ஞாயிறு

இன்று ஒத்திகை. பதினொரு வண்டிகள். இவர் சீட்டு நண்பர்களோடு காரமடை போயிருந்தார். வீட்டில் நான் மட்டும். முன்வண்டியில் ஏறி உட்கார்ந்தபோது உள்ளங்கை ஈரமாகிவிட்டது. முந்தானையில் துடைத்துக்கொண்டு முதல் கியர் போட்டேன்.

முதல் இரண்டு வளைவும் மெதுவாகப் போனதால் தெரியவில்லை. மூன்றாவதில் தெரிந்தது. நான் திருப்பி முடித்து நேர்ச் சாலைக்கு வந்த பிறகு பரிதியின் குரல் வருகிறது: “மூணாம் வளைவு, வலது பக்கம்.” என் திரை இங்கிருந்து புனேவுக்குப் போய், அவன் பார்த்து, அவன் சொல்லி, அது எல்லோருக்கும் வந்து சேர்வதற்குள் வளைவு கடந்துபோய்விடுகிறது. இது இரண்டு பேருக்கும் முன்கூட்டித் தோன்றவே இல்லை. எம்.சி.ஏ. படித்த பிள்ளை, பி.எஸ்ஸி. படித்த அம்மா.

ஐந்தாம் வளைவில் எதிரே லாரி. நான் நின்றுவிட்டேன். பரிதி அப்போதுதான், “நேர் ரோடு, வேகமா வாங்க” என்கிறான். கிப்சன் வந்து என் பின்பக்கத்தில் இடித்தான். அவனை இடித்துக்கொண்டு அவன் மச்சினன். இரண்டு பஸ்களும் கைப்பிடிச் சுவரைத் தாண்டி இறங்குவது என் கண்ணாடியில் தெரிந்தது.

“அண்ணே!” கிப்சன் கத்தினான். “வளைவு முடிஞ்ச பொறவு வளைவுன்னு சொன்னா நான் எங்கண்ணே திருப்புவேன்? ஆகாசத்துலயா?”

எல்லோரும் சிரித்தார்கள். சாகுல் மட்டும் சிரிக்கவில்லை. “காக்கா, நான் நெசத்துலயும் பிள்ளைகளை ஏத்திக்கிட்டு பஸ் ஓட்டுறவன். வண்டி ஒரு இடத்துலயும் சத்தம் ஒரு இடத்துலயும் இருந்தா சரி வராது. கோவிச்சுக்கிடாதீங்க. கடைசி ஓட்டத்துக்கு நான் முன்ன போறேன்.”

அவன் சொன்னது சரிதான். அதனால்தான் தாங்க முடியவில்லை.

ஜூன் 16, திங்கள்

சிலிண்டர் வந்தது. வேறு எதுவும் எழுதப் பிடிக்கவில்லை.

ஜூன் 17, செவ்வாய்

லேபில் கூட்டம். டெங்கு பயம். மதியம் சாப்பிடும்போது மூன்று மணி.

குழுவில் சாகுலை முன்வண்டியாக வைத்து வரிசை போட்டுவிட்டார்கள். எனக்கு ஒன்பதாவது இடம். ஒன்பதாவது வண்டியிலிருந்து மலை தெரியாது. எட்டாவது வண்டி மட்டும்தான் தெரியும்.

மண்டிச் சுவரைப் பற்றி அன்று முழுதாக எழுதவில்லை. நான் சரியாகத்தான் திருப்பிக்கொண்டிருந்தேன். கேட்டுக்குள் பாதி வண்டி நுழைந்துவிட்டது. இவருக்குப் பயம் வந்து, “இடிக்கப் போற, இடிக்கப் போற” என்று கையை நீட்டி ஸ்டீயரிங்கைப் பிடித்துத் தன் பக்கம் இழுத்தார். அதன்பிறகுதான் சுவர். மூட்டை இறக்கிக்கொண்டிருந்தவர்கள் எல்லோரும் பார்த்தார்கள். அவர் இறங்கி, “பொம்பளைக்குச் சொல்லிக் குடுத்தா இதுதான்” என்றார்.

இவர் கெட்டவர் இல்லை. எனக்குக் காய்ச்சல் என்றால் கஞ்சி வைப்பவர். அந்தக் கையை அவர் மறந்தே போயிருப்பார் என்று நினைக்கிறேன். இதை இப்போது எதற்கு எழுதுகிறேன் என்று தெரியவில்லை.

குழுவில் எழுதினேன்: “வெள்ளி மாலை எனக்கு ஒரே ஒரு வாய்ப்பு கொடுங்கள். இந்த முறை வளைவு சொல்வது நான்தான். தப்பினால் ஒன்பதாவதாக வருகிறேன்.”

சாகுல்: “சரி காக்கா. ஒரு தடவ.”

ஜூன் 18, புதன்

பரிதியிடம் சொன்னேன். “பேசும்மா. அவனுங்க ஓட்டுனா ஓட்டிட்டுப் போறானுங்க” என்றான். பெற்றதற்கு இது போதும்.

ஜூன் 20, வெள்ளி

நடந்ததை நடந்தபடி எழுதிவிடுகிறேன்.

மாலை லேபிலிருந்து அரை மணி முன்னதாகக் கிளம்பினேன். தலைவலி என்று சொன்னேன். சேலையைக்கூட மாற்றாமல் உட்கார்ந்து ஹெட்போனை மாட்டினேன். அடிவாரத்தில் பதினான்கு வண்டிகள் என் பின்னால் உறுமிக்கொண்டு நின்றன.

“எல்லாரும் கேக்குதுங்களா?” என்றேன்.

பதினான்கு இன்ஜின் சத்தம் மட்டும்.

“ஆரு, மைனியா?” இது கிப்சன், அண்ணியை அப்படித்தான் சொல்வான். “மைனி, அண்ணன் எங்க? வரச் சொல்லுங்க, நேரமாச்சு.”

“அண்ணன்னு யாரும் இல்லீங்க. பரிதி என் பையன். மூணு வருசமா ஓட்டுனது நாந்தான். எம் பேரு பூரணி.”

மறுபடியும் இன்ஜின்கள். யாரோ ஒருவன் தெரியாமல் ஹாரனை அழுத்திவிட்டான்.

“எக்கா...” கிப்சனின் குரல் இறங்கிவிட்டது. “அப்போ நான் அண்ணன்னு நெனச்சு இந்த குரூப்புல சொன்ன கெட்ட வார்த்த பூராவும்...”

“எல்லாம் படிச்சேன் தம்பி. சிலது புதுசா இருந்துச்சு.”

முதலில் சிரித்தது கிப்சனின் மச்சினன். பிறகு எல்லோரும். ஆனால் துரைக்கண்ணு சிரிக்கவில்லை. இரண்டு வருஷமாகத் தினமும் எனக்கு வணக்கம் எழுதுபவர். “இத்தனை நாளா ஏமாத்தியிருக்கீங்க. நான் வீட்டுக் கஷ்டமெல்லாம் ஓர் ஆம்பளைகிட்ட சொல்றதா நெனச்சுச் சொன்னேன்” என்றார். அவர் வண்டி மறைந்தது. குழுவை விட்டும் போய்விட்டார். மன்னிப்புக் கேட்க வாய் திறப்பதற்குள் ஆள் இல்லை. அவர் கோபத்தில் நியாயம் உண்டு. அது ஒரு முள்ளாக இருக்கிறது, இருக்கட்டும்.

பிறகு சாகுல் பேசினான். “எங்க ஊர்ல அக்காவ லாத்தான்னு சொல்லுவோம். லாத்தா, ஆணா பொண்ணாங்கிறது எனக்குத் தேவையில்ல. வளைவு சொல்லுங்க. பார்ப்போம்.”

சொன்னேன். முதல் வளைவில் குரல் பிசிறியது. நான்காவதில் சரியானது. எட்டாவதில் நான் சொல்கிறேன் என்பதே மறந்துபோய், வண்டியும் வாயும் ஒன்றாகப் போனது. “பதிமூணு, இடது பக்கம், நல்லா உள்ள அணைச்சுத் திருப்புங்க, மேல ஜீப்பு வருது, ஏறுற வண்டிக்குத்தான் வழி, அவன் நிப்பான், வாங்க வாங்க.” கண்ணாடியில் ஒன்றன்பின் ஒன்றாகப் பதின்மூன்று வண்டிகளும் நான் திரும்பிய இடத்தில் திரும்பின. என் வாழ்க்கையில் ஒரே நேரத்தில் பதின்மூன்று பேர் நான் சொன்னதை அப்படியே கேட்டது இதுதான் முதல் தடவை.

உச்சியில் நிறுத்தியதும் சாகுல், “ஞாயித்துக்கிழமை நான் ரெண்டாவது” என்றான்.

ஜூன் 21, சனி

குழுவில் ஆளாளுக்கு வாங்கித் தள்ளுகிறார்கள். அண்ணன் பிள்ளைக்கு, பக்கத்து அறை நண்பனுக்கு, இன்னும் பிறக்காத மகனுக்கு. நாளைக்குப் பிறகு காசை நீட்டினாலும் கிடைக்காதல்லவா.

நானும் இன்று என் பெயரில் ஒரு கணக்குத் தொடங்கி ஒன்று வாங்கினேன். விளையாட்டு என்று எனக்காக நான் வாங்கிய முதல் பொருள். நாளை பரிதியின் கணக்கில்தான் ஓட்ட வேண்டும். புதுக் கணக்குக்குப் பெரிய பஸ் தர மாட்டார்கள். ஆனாலும் திறந்து பார்த்தேன். ‘ஓட்டுநர்: பூரணி. ஓட்டிய தூரம்: 0.’ கொஞ்ச நேரம் மூடாமல் வைத்திருந்தேன்.

ஜூன் 22, ஞாயிறு

முப்பத்தோரு வண்டிகள்!

மூன்று மணிக்கே சோறு வடித்து, குழம்பு வைத்து, வீட்டைப் பெருக்கிவிட்டு உட்கார்ந்தேன். இவர் சீட்டுக்குப் போகவில்லை. நண்பர் வீட்டில் யாரோ விருந்தாளியாம். டீயை எடுத்துக்கொண்டு வந்து அறை வாசலில் நின்றார்.

“என்ன பூரணி, தையல் மிசின்ல டிராமா?”

“இன்னைக்குக் கடைசிங்க. அரை மணி நேரம். பேச்சுக் குடுக்காதீங்க.”

கட்டிலில் வந்து உட்கார்ந்துகொண்டார். போகச் சொல்ல நேரமில்லை. சாகுல், “லாத்தா, கிளம்பலாமா?” என்றான். கிளம்பினேன்.

முதல் சில வளைவுகளில் இவர் டீ உறிஞ்சும் சத்தம் கேட்டது. பிறகு அது நின்றது. பத்தாம் வளைவுக்கு மேல் பனிமூட்டம். பின்வண்டி விளக்குகள் மங்கலாக வரிசையாக ஏறி வந்தன. நான் சொல்லிக்கொண்டே போனேன். கட்டில் கிறீச்சிட்டது. இவர் எழுந்து என் தோளுக்குப் பின்னால் வந்து நிற்கிறார் என்பது மூச்சில் தெரிந்தது.

பதினேழாம் வளைவு. அதில்தான் சாலை மிகக் குறுகும். பனியிலிருந்து திடீரென்று மூட்டை ஏற்றிய லாரி. எனக்கு அது எப்படி வரும், எங்கே ஒதுங்கும் என்று தெரியும். இடது சக்கரத்தை விளிம்பு வரை விட்டுத்தான் வலது பக்கம் திருப்ப வேண்டும். பார்ப்பவர்களுக்குப் பள்ளத்தில் இறங்கப்போவது போல இருக்கும்.

“இடிக்கப் போற, இடிக்கப் போற!” இவர் கை என் தோளைத் தாண்டி ஸ்டீயரிங்குக்கு வந்தது.

“கைய எடுங்க!”

நான் இவரிடம் அப்படி ஒரு குரலில் பேசியதே இல்லை. மைக்கில் அவ்வளவும் போயிருக்கிறது. முப்பது பேரும் கேட்டார்கள். இவர் கை காற்றிலேயே நின்றது. நான் திருப்பினேன். லாரியின் பின்பலகை ஜன்னலை ஒட்டிப் போனது. சாலை விரிந்தது.

“பதினேழு முடிஞ்சுது, லாரி கடந்துருச்சு, நான் போன தடத்துலயே வாங்க.”

இரண்டு வளைவுகள் கடந்தன. பிறகு கிப்சன் மெதுவாக, “எக்கா, ஆருக்கா அது? கண்டக்டரா?” என்றான்.

“ஆமா தம்பி. புதுக் கண்டக்டர்.”

ஹெட்போனில் சிரிப்பு வெடித்தது. இவருக்கு எதுவும் கேட்டிருக்காது, நான் சொன்னது மட்டும் கேட்டிருக்கும். திரும்பிப் பார்க்க முடியவில்லை. அடுத்த வளைவு கடந்ததும் என் காதுக்குப் பின்னால், கொஞ்சம் கரகரப்பாக, “போலாம்... ரை...ட்” என்று வந்தது.

உச்சியில் முப்பத்தோரு வண்டிகளும் வந்து சேர்ந்தன. ஒன்றுகூடப் பள்ளத்தில் விழவில்லை. எல்லோரும் ஒன்றாக ஹாரன் அடித்தார்கள். ஹெட்போனைக் கழற்றி இவரிடம் நீட்டினேன். ஒரு காதில் வைத்துக்கொண்டு வெகுநேரம் கேட்டார். அந்த நேரத்தில் முகத்தில் என்ன இருந்தது என்று எனக்குச் சரியாகச் சொல்லத் தெரியவில்லை.

சாப்பிடும்போது தட்டைப் பார்த்துக்கொண்டே, “அந்தப் பதினேழாவதுல, எடம் இருக்குன்னு உனக்கு எப்புடித் தெரியும்?” என்று கேட்டார்.

“பார்த்தா தெரியுங்க” என்றேன்.

“ம்” என்றார். பிறகு, சோற்றைப் பிசைந்தபடியே, “கைய நீட்டீருக்கக் கூடாது” என்றார். எந்தக் கையைச் சொன்னார் என்று நான் கேட்கவில்லை.

ஜூன் 23, திங்கள்

கடையில் தேடிப் பார்த்தேன். பெயரைப் போட்டால் வேறு ஏதேதோ பந்தய வண்டிகளைக் காட்டுகிறது. இப்படி ஒரு விளையாட்டு இருந்ததற்கான அடையாளமே இல்லை. அழுகை வரும் என்று நினைத்தேன். வரவில்லை. உடம்பெல்லாம் ஒரு பரபரப்பு, ஊருக்குக் கிளம்புகிற அன்று இருக்குமே அது மாதிரி.

மதியம் கிப்சன் செய்தி அனுப்பியிருந்தான். “எக்கா, கேக்கணும்னே நெனச்சேன். நெசத்துல எந்த ரூட்டு ஓட்டுதிய? கவர்மெண்டா, பிரைவேட்டா?”

இரண்டு முறை படித்தேன். அவனுக்கு, நான் பஸ் டிரைவர் என்பதில் சந்தேகமே இல்லை.

லேபிலிருந்து திரும்பும்போது விசாரிக்காமலே சிலவற்றைத் தெரிந்துகொண்டேன். போனில் எல்லாம் இருக்கிறதே. முதலில் கார் உரிமம் வேண்டும். அது கைக்கு வந்து ஒரு வருஷம் ஆன பிறகுதான் கனரக வாகனத்துக்குப் பழக முடியும். அப்போது எனக்கு ஐம்பது நடக்கும். தடை என்று எதுவும் போட்டிருக்கவில்லை.

காரமடையில் ஒரு டிரைவிங் ஸ்கூல் இருக்கிறது. காலை ஆறரைக்கு முதல் வகுப்பு. நாளை லேபுக்கு முன்னால் போய்ச் சேர்ந்துவிடுவேன். காரோடு நிறுத்தப்போவதில்லை, பஸ் வரைக்கும் போவேன். சொல்லிக்கொடுக்கிறேன் என்று இவர் வந்தாலும், இதை வேறு ஒருவரிடம்தான் கற்றுக்கொள்வேன். இவருக்கும் சொல்லவில்லை, பரிதிக்கும் சொல்லவில்லை.

கிப்சனுக்கு இன்னும் பதில் போடவில்லை. அவன் கேட்ட கேள்வி அப்படியே இருக்கட்டும். எந்த ரூட் என்று எனக்கே தெரிந்த பிறகு எழுதுகிறேன்.